சேலத்து அருங்காட்சியகத்தில் கைக்கு வேலை வேண்டும்

மதிப்பிற்குரிய ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். சேலத்தின் வரலாற்றையும் பண்பாட்டையும் சொல்ல, வருகிறவர்கள் தொட்டும் இயக்கியும் பார்க்கும்படி ஒரு நகர அருங்காட்சியகம் வேண்டும் என்பது இந்த ஊரில் பலருடைய விருப்பம். 1866இல் நகராட்சியான ஊருக்கு இது நியாயமான விருப்பமே. ஆனால் இப்படி ஒரு பேச்சு எங்கே எழுந்தாலும் முதலில் தயாராவது தொடுதிரைப் பட்டியல்தான்: வாசலில் ஆளுயரத் திரை, அறைக்கு இரண்டு சின்னத் திரை, சுவர் முழுக்க ப்ரொஜெக்டர் படம், கண்ணில் மாட்டிக்கொள்ளும் கருவி நான்கைந்து. திறப்பு விழா அன்று எல்லாம் ஜொலிக்கும். இரண்டாவது கோடையில் பாதித் திரைகளில் 'பழுது' என்ற காகிதம் ஒட்டியிருக்கும்.

காரணம் எளிது. நாளைக்கு 8 மணி நேரம், ஆண்டுக்கு 300 நாள் என்று வைத்தால் ஒரு ப்ரொஜெக்டர் ஆண்டுக்கு 2,400 மணி நேரம் எரிகிறது. விளக்கு வைத்த ப்ரொஜெக்டரில் ஒரு விளக்கின் ஆயுளே ஏறக்குறைய அவ்வளவுதான். லேசர் வகை 20,000 மணி நேரம் வரும், அதாவது எட்டு ஆண்டு. ஆனால் மாதம் ஒருமுறை காற்று வடிகட்டியைக் கழற்றித் தூசி தட்டாவிட்டால் சூடேறி அதுவும் முன்னதாகவே போய்விடும். விளிம்பில் அகச்சிவப்புக் கதிர் ஓடும் தொடுதிரைகளில் தூசி படிந்தால், யாரும் தொடாமலே திரை தன்னைத்தானே தொட்டுக்கொண்டு பக்கம் மாறும். மின்சாரம் பட்டென்று போய்த் திரும்பும்போது கணினிக்குள் இருக்கும் நினைவக அட்டை கெடும். இவை எல்லாவற்றுக்கும் தீர்வு உண்டு. அதற்கு ஆளும் பணமும் ஆண்டுதோறும் வேண்டும். அதைவிட முக்கியம், திரையில் காட்டக்கூடிய எதையும் பிள்ளைகள் வீட்டில் செல்போனிலேயே பார்த்துவிடுகிறார்கள். சேலம் கைத்தொழில் ஊர். இங்கே அருங்காட்சியகத்துக்கு வருகிறவர்களின் கைக்குத்தான் முதலில் வேலை கொடுக்க வேண்டும்.

கல்லிலிருந்து தொடங்கலாம். ஊருக்கு ஒரு பக்கம் ஏற்காடு அடிவாரத்தில் வெள்ளைக்கல் கரடு, இன்னொரு பக்கம் கஞ்சமலை. வெள்ளைக்கல் என்பது மேக்னசைட். கஞ்சமலையில் இருப்பது மேக்னடைட் கலந்த இரும்புக்கல். பெயர் ஒன்றுபோல ஒலிப்பதால் படித்தவர்களே குழம்புகிறார்கள். இரண்டையும் பக்கத்தில் வைத்து ஒரு காந்தத்தைக் கையில் கொடுத்தால் குழப்பம் ஒரு நொடியில் தீரும். கறுப்புக்கல் காந்தத்தை இழுக்கும்; வெள்ளைக்கல் சும்மா இருக்கும். அந்த வெள்ளைக்கல்லை 1,600 டிகிரிக்கு மேல் சுட்டுச் செய்யும் உலைச் செங்கல்தான் இரும்பு உருகும் உலைகளுக்கு உள்பூச்சாகிறது என்பதை அந்த இடத்திலேயே இரண்டு வரியில் எழுதிவைக்கலாம்.

இதில் கவனிக்க வேண்டியவை சில. கல் ஒவ்வொன்றும் மூன்று கிலோவுக்குக் குறையக்கூடாது. சிறியதென்றால் பைக்குள் போய்விடும். பெரிய கல் காலில் விழாதிருக்க, அதில் துளையிட்டு 3 மி.மீ. எஃகுக் கயிற்றால் மேசையோடு கட்ட வேண்டும். கயிறு ஒரு சாண் நீளம் போதும். சந்தையில் கிடைக்கும் பளபளக்கும் சின்னச் சின்னக் காந்தங்கள் வேண்டவே வேண்டாம். விரலை நசுக்கும்; குழந்தை இரண்டை விழுங்கினால் குடலில் ஒன்றையொன்று இழுத்து உயிருக்கே ஆபத்து. மரப்பிடிக்குள் பொதித்த சாதாரணக் கறுப்புக் காந்தம் போதுமானது. அதன் முகத்தில் கழற்றக்கூடிய பிளாஸ்டிக் மூடி இருந்தால், ஒட்டும் இரும்புத்தூளை மூடியோடு எடுத்து உதறிவிடலாம். வெள்ளைக்கல் சில மாதத்தில் கை எண்ணெய் பட்டு மஞ்சளாகும். சோப்புத் தண்ணீரில் கழுவினால் போதும். அழுக்குப் பிடிக்காதென்று வார்னிஷ் அடித்தால் கல்லைத் தொடும் உணர்வே போய்விடும்.

கல்லுக்கு அடுத்தது எஃகு. சேலம் எஃகு என்றால் இன்று எல்லோருக்கும் நினைவுக்கு வருவது உருக்காலையின் துருப்பிடிக்காத தகடு. அதற்கு வெகுகாலம் முன்பே இந்த மாவட்டத்துக் கிராமங்களில் மூசையில், அதாவது உலோகம் உருக்கும் மண் குப்பியில், எஃகு உருக்கினார்கள். கிழக்கிந்தியக் கம்பெனியில் இருந்து, பின்பு 1830இல் பரங்கிப்பேட்டையில் இரும்பாலை தொடங்கிய ஜோசையா மார்ஷல் ஹீத், அந்த முறையை அளவுகளோடு எழுதிவைத்திருக்கிறார். இரும்பைத் துண்டு துண்டாக வெட்டிக் களிமண் மூசையில் அடுக்குவது. இரும்பின் எடையில் பத்தில் ஒரு பங்கு காய்ந்த ஆவாரங்குச்சியைப் பொடியாக நறுக்கிச் சேர்ப்பது. மேலே ஓரிரு எருக்கிலையைப் போட்டு மூடி, வாயைக் குழைத்த களிமண்ணால் அடைப்பது. இப்படி 20 முதல் 24 மூசைகளைச் சிறு உலையில் வளைவாக அடுக்கிக் கரி போட்டு, இரண்டரை மணி நேரம் துருத்தி ஊதுவது. குச்சியிலும் இலையிலும் உள்ள கரி இரும்புக்குள் ஏறி எஃகாகிறது. ஆறிய பின் மூசையை உடைத்தால், நன்றாக உருகிய கட்டியின் மேல்முகத்தில் நடுவிலிருந்து ஆரம்போல வரிகள் ஓடும். வரி இல்லையென்றால் உருக்கு சரியில்லை என்று பொருள்.

இதைவிட நல்ல காட்சிப்பொருள் தமிழ்நாட்டில் வேறு எந்த ஊருக்குக் கிடைக்கும்? மேசையில் ஒரு தராசு, ஒரு தட்டில் 500 கிராம் இரும்புத் துண்டு. 50 கிராம் குச்சியை எடைபோட்டு எடுத்து, மூசையில் அடுக்கி, இலை மூடி வைக்கிறவரை எல்லாவற்றையும் வருகிறவரே செய்யலாம். நெருப்பு வேண்டாம். பக்கத்தில் துருத்தி ஒன்றை வைத்து, அதன் காற்று ஒரு சிறு சக்கரத்தைச் சுழற்ற, சக்கரத்தின் வேகத்துக்கேற்ப உலைக்குள் விளக்கு மங்கிய சிவப்பிலிருந்து வெண்மஞ்சள் வரை ஏறும்படி அமைக்கலாம். ஊதுவதை நிறுத்தினால் நிறம் இறங்க வேண்டும். அரை நிமிடத்தில் கை ஓய்ந்துபோகும் பிள்ளைக்கு இரண்டரை மணி நேரம் என்றால் என்ன என்று தானாகப் புரியும்.

எருக்கிலையை மட்டும் பச்சையாக வைக்கவே கூடாது. அதன் பால் கண்ணில் பட்டால் பார்வையைக் கெடுக்கும். துணியில் வெட்டிச் சாயமிட்ட இலையை வைத்துவிட்டு, உண்மையான இலையைக் கண்ணாடிக்குள் அழுத்திக் காட்டலாம். தோல் துருத்தி காய்ந்தால் மடிப்பில் வெடிக்கும். மாதம் ஒருமுறை விளக்கெண்ணெய் தடவ வேண்டும், இரவில் எலி அண்டாமல் மூடிவைக்க வேண்டும். வெளியே தோலும் உள்ளே ரப்பர் பூசிய கெட்டித் துணியுமாகத் தைத்தால் நெடுநாள் தாங்கும்.

தறிக்கு வருகிறேன். சேலம் வெண்பட்டுக்குப் புவிசார் குறியீடு இருக்கிறது. 1960இல் தொடங்கிய கைத்தறித் தொழில்நுட்ப நிலையம் ஊருக்குள்ளேயே இருக்கிறது. அருங்காட்சியகத்தில் ஓடாத தறியைக் கயிறு கட்டி நிறுத்திவைத்தால் அது வெறும் மரச்சாமான். ஓட்டிக்காட்ட வேண்டும், வருகிறவர்களையும் ஓட்டவிட வேண்டும். அதற்குக் கணக்கு இருக்கிறது. நாளைக்கு 300 பேர் வந்து ஆளுக்குப் பத்து முறை நாடாவை (குறுக்கு நூலைக் கொண்டுசெல்லும் கட்டை) ஓட்டினால் 3,000 ஊடை, அதாவது குறுக்கிழை. அங்குலத்துக்கு 20 ஊடை விழும் பருமனான பருத்தி நூலென்றால் 150 அங்குலம், அதாவது நாளைக்கு ஏறக்குறைய 3.8 மீட்டர் துணி. வாரம் ஆறு நாளில் 23 மீட்டர். ஆகவே வாரத்துக்கு ஒரு 25 மீட்டர் பாவு (தறியில் நீளவாக்கில் ஓடும் நூல்) தேவை. துணியின் அகலம் 18 அங்குலம், அங்குலத்துக்கு 24 இழை என்று வைத்தால், வாரா வாரம் பழைய பாவோடு புதுப்பாவின் 432 இழைகளைப் பிணைக்க வேண்டும். விடுமுறை நாள் அந்த வேலைக்கே சரியாகிவிடும். இந்தக் கணக்கைத் திட்ட மதிப்பீட்டிலேயே எழுதாவிட்டால் தறி ஒரு மாதத்தில் நின்றுவிடும். நெய்த துணியைப் பையாகத் தைத்து வாசலிலேயே விற்கலாம். வாங்குகிறவர் கையால் நெய்த அரை அங்குலம் அதில் எங்காவது இருக்கலாம்.

தறியை ஏசி அறையில் வைக்கக்கூடாது. ஈரம் குறைந்தால் நூல் வறண்டு அறும். குழித்தறியில் குழி வெட்டியதற்கு ஒரு காரணமே, பாவு தரையை ஒட்டி இருந்து மண்ணின் குளுமையைப் பிடித்துக்கொள்ளும் என்பதுதான். காற்றோட்டமான தாழ்வாரமும் ஓட்டுக்கூரையும் அதற்குச் சரியான இடம். கயிறிழுத்தால் ஓடும் நாடா சில சமயம் தடம் தவறிப் பறக்கும். முனையில் இரும்பு பூண் போட்டது, கண்ணில் பட்டால் விபரீதம். தறிக்கு இருபுறமும் நெஞ்சுயரத்துக்குக் கெட்டி அக்ரிலிக் தடுப்பு கட்டாயம். குழியில் இறங்க முடியாதவர்களுக்கும் சக்கர நாற்காலியில் வருகிறவர்களுக்கும் 75 செ.மீ. உயரத்தில் ஒரு மேசைத்தறி தனியாக வேண்டும். முழங்கால் நுழைய அடியில் 68 செ.மீ. இடைவெளி விட வேண்டும். நெசவாளர் ஒருவர் நாள் முழுக்க அங்கே இருந்தாக வேண்டும். அவரைக் காட்சிப்பொருளாக நிறுத்தாமல் பயிற்றுநர் என்ற பதவியும் அதற்கேற்ற மாதச் சம்பளமும் கொடுத்து வைக்க வேண்டும்.

பட்டைக் கையில் கொடுப்பது எளிது. பசை நீக்காத நூல் ஒன்று, சோப்புத் தண்ணீரில் வேகவைத்துப் பசை நீக்கியது ஒன்று. முதலாவது தென்னந்தும்புபோல மொரமொரப்பு, இரண்டாவது வழுவழுப்பு. எடையில் ஏறக்குறைய கால்பங்கு அந்தப் பசையோடு போய்விடுகிறது என்று சொன்னால் பட்டின் விலைக்கு ஒரு காரணமும் புரியும். தொடும் மாதிரிகள் இரண்டு வாரத்தில் அழுக்காகும். மாற்றுவதற்கு முன்கூட்டியே ஐம்பது வெட்டிவைக்க வேண்டும்.

செவ்வாய்ப்பேட்டை வட்டாரத்துக் கொலுசுக்குத் தனி அறை ஒதுக்க வேண்டும் என்பது என் கருத்து. ஒரு ஜோடி கொலுசு பல கை மாறித்தான் முடிகிறது. உருக்குகிறவர், கம்பி இழுக்கிறவர், கண்ணி கோக்கிறவர், பொடி வைத்து ஊதிப் பற்றவைக்கிறவர், மெருகேற்றுகிறவர் என ஆளுக்கொரு வேலை. இதில் கம்பி இழுப்பதை வருகிறவரே செய்துபார்க்கலாம். படிப்படியாகச் சிறுக்கும் துளைகள் கொண்ட எஃகுத் தகடு, கைப்பிடியால் சுற்றும் சிறு உருளை, வெள்ளிக்குப் பதில் செம்புக்கம்பி. மூன்று நான்கு துளை தாண்டியதும் கம்பி விறைத்து அறும். நெருப்பில் காட்டி ஆறவைத்தால் மறுபடி இளகும். அறுந்த கம்பி சாட்டைபோலச் சுண்டும் என்பதால் இழுக்கும் பாதை முழுவதும் மூடியிருக்க வேண்டும்.

கொலுசைக் கண்ணாடிப் பெட்டியில் வைக்கும்போது எல்லோரும் செய்யும் தவறு ஒன்று உண்டு. அழகுக்காகக் கம்பளித் துணி விரிப்பார்கள், பெட்டியின் கதவுக்கு ரப்பர் பட்டை ஒட்டுவார்கள். இரண்டிலிருந்தும் கந்தகம் கசியும். காற்றுப் புகாத பெட்டிக்குள் அது எங்கும் போகாமல் வெள்ளியில் படிந்து ஆறே மாதத்தில் கறுக்கவைக்கும். கறுத்ததைத் தேய்த்துத் தேய்த்துச் சுத்தம் செய்தால் நூற்றாண்டுப் பழைய கொலுசின் வேலைப்பாடு மழுங்கிவிடும். பெட்டிக்குள் போகும் ஒவ்வொரு துணி, பலகை, பசை, பெயிண்டையும் முன்கூட்டியே சோதிக்கலாம். ஒரு கண்ணாடி ஜாடியில் அந்தப் பொருளின் துண்டு, மெருகேற்றிய வெள்ளித்தகடு, ஒரு குப்பியில் சில துளி தண்ணீர் வைத்து இறுக மூடி, 60 டிகிரி வெப்பத்தில் 28 நாள் விட வேண்டும். தகடு கறுத்தால் அந்தப் பொருள் பெட்டிக்கு ஆகாது. செலவு சொற்பம். ஒப்பந்தத்தில் எழுதினால் மட்டுமே இது நடக்கும்.

ஊரின் நீரைச் சொல்லாமல் ஊரைச் சொல்ல முடியாது. சேர்வராயன் மலையில் பிறந்து ஊருக்குள் ஓடும் திருமணிமுத்தாற்றைச் சாக்கடையாகவே பார்த்து வளர்ந்த பிள்ளைகளுக்கு, அது மலையிலிருந்து வருகிறது என்பதே புதிய செய்தியாக இருக்கும். ஏற்காடும் பனமரத்துப்பட்டியும் அடங்கும் 30 கி.மீ. நிலத்தை 3 மீட்டர் நீளத்தில், அதாவது பத்தாயிரத்தில் ஒரு பங்கு அளவில், செதுக்கலாம். ஏற்காடு சுமார் 1,500 மீட்டர், சேலம் சுமார் 280 மீட்டர். வித்தியாசம் 1,200 மீட்டருக்குச் சற்று மேல். மாதிரியில் வெறும் 12 செ.மீ.தான் வரும். பார்க்கிறவருக்கு மலையாகவே தெரியாது. உயரத்தை மட்டும் இரட்டிப்பாக்கி 24 செ.மீ. ஆக்க வேண்டும், அப்படி ஆக்கியிருப்பதை எழுதியும் வைக்க வேண்டும். மேலே குழாயைத் திருகினால் 'மழை' பெய்து, ஆறாக ஓடி, மூக்கனேரி போன்ற ஏரிகளை நிரப்பி வழிய வேண்டும். ஏரியின் கரையை வருகிறவரே கழற்றிப் பார்த்தால், கீழே எந்தத் தெருவில் வெள்ளம் ஏறுகிறது என்று கண்ணெதிரே தெரியும்.

தண்ணீர் வைத்த காட்சிப்பொருள்தான் சீக்கிரம் கெடும் என்பதையும் சொல்லிவிடுகிறேன். நம் ஊர்ப் போர்த்தண்ணீரின் உப்பு நுண்துளைகளில் வெள்ளையாகப் படிந்து அடைக்கும். சுத்திகரித்த நீர்தான் விட வேண்டும். தேங்கிய நீரில் கொசு முட்டையிட்டுப் பறக்க ஏழெட்டு நாள் போதும் என்பதால் வாரம் ஒருமுறை முழுவதும் வடித்து, துடைத்து, காயவைத்து நிரப்ப வேண்டும். அடியில் வடிகால் திருகு இல்லாத தொட்டியைப் பொறுப்பெடுக்கவே கூடாது.

அரசியல் வரலாற்றுக்கு இயந்திரம் தேவையில்லை, இழுப்பறைகள் போதும். 1882 கலவர வழக்கும் விஜயராகவாச்சாரியாரும் ஒன்றில். 1917இல் ராஜாஜி நகராட்சித் தலைவரானது ஒன்றில். 1937 அக்டோபர் 1 அன்று சேலம் மாவட்டத்தில் மதுவிலக்கு நடைமுறைக்கு வந்தது ஒன்றில். 1944 ஆகஸ்டில் இங்கே கூடிய மாநாட்டில் நீதிக்கட்சி திராவிடர் கழகமானது ஒன்றில். 1950 பிப்ரவரி 11 அன்று சேலம் சிறையில் நடந்த துப்பாக்கிச்சூட்டில் கம்யூனிஸ்ட் கைதிகள் 22 பேர் இறந்தது ஒன்றில். சங்கடம் என்று எதையும் விட்டுவிடக்கூடாது. திறப்பவர் கையில் எடுத்துப் படிக்க அந்நாளைய ஆவணத்தின் நகல் இருக்க வேண்டும். மூலம் காப்பகத்தில் இருக்கட்டும்.

மாடர்ன் தியேட்டர்ஸ் அறையை வெறும் போஸ்டர் சுவராக்கிவிடுவார்களோ என்று கவலையாக இருக்கிறது. டி.ஆர். சுந்தரம் தொடங்கிய அந்த ஸ்டுடியோவிலிருந்துதான் 1938இல் மலையாளத்தின் முதல் பேசும்படமும் 1956இல் தமிழின் முதல் முழுநீள வண்ணப்படமும் வந்தன. கைப்பிடியைச் சுற்றினால் படச்சுருள் நகரும் பெட்டி ஒன்று செய்யலாம். ஒரு நொடிக்கு 24 படம் வரும் வேகத்தை எட்டும்போதுதான் அசைவு இயல்பாகும்; நிமிடத்துக்கு 90 அடி சுருள் ஓடுகிறது என்று கூடவே எண் காட்ட வேண்டும். கைப்பிடிக்குள் வழுக்கும் கிளட்ச் வைக்காவிட்டால் பிள்ளைகள் எதிர்ப்பக்கம் சுற்றிப் பல்சக்கரத்தின் பல்லை உடைத்துவிடுவார்கள். 1950களின் தொடக்கம் வரையிலான மூலச் சுருள் எதையும் கட்டடத்துக்குள் வைக்க வேண்டாம். அந்த நைட்ரேட் சுருள் பற்றினால் தண்ணீரில் அமிழ்த்தினாலும் அணையாது. வெளிவந்து 60 ஆண்டு கடந்த படங்களுக்குத் திரைப்பட உரிமை முடிந்துவிடும் என்றாலும், பாடல் வரிக்கும் இசைக்கும் உரிமை தனி. அனுமதியை எழுத்தில் வாங்க வேண்டும்.

சேலம் குகைப் பகுதியின் மாரியம்மன் காளியம்மன் ஆடித் திருவிழாவின் வண்டி வேடிக்கைக்கு (சாமி வேடமிட்டவர்கள் அலங்கார வண்டிகளில் வரும் ஊர்வலம்), சாமி முகத்தில் துளை வைத்து நாம் முகம் நுழைத்துப் படமெடுக்கும் அட்டை வேண்டாம். பாதி அலங்கரித்த வண்டி ஒன்றை நிறுத்தி, மூங்கில் சட்டம் எப்படிக் கட்டுகிறார்கள், மேலே நிற்கிறவரின் எடை எங்கே இறங்குகிறது என்று காட்டினால் போதும். அதை அமைக்க ஆண்டுதோறும் வண்டி கட்டுகிறவர்களையே கூப்பிட வேண்டும். ஏற்காட்டுப் பகுதிக்கும் இதுவே பொருந்தும்: மலையாளி என்ற பழங்குடி மக்களின் வீட்டையும் திருவிழாவையும் அவர்களைக் கேட்காமல் பொம்மையாகச் செய்துவைப்பது தவறு. சேர்வராயன் மலையில் கிடைத்த வழவழப்பான புதிய கற்காலக் கோடரிகளைச் சேகரித்த நிலவியலாளர் ராபர்ட் புரூஸ் ஃபூட்டின் நினைவிடம் ஏற்காட்டிலேயே இருக்கிறது. அவருடைய சேகரிப்பு சென்னை அருங்காட்சியகத்துக்குப் போய்விட்டது. அதிலிருந்து சில கோடரிகளைக் கடனாகக் கேட்கலாம். கையில் பிடிக்க அதே எடையில் கல்லிலேயே நகல் செய்ய வேண்டும். பிளாஸ்டிக் நகல் வேண்டாம்.

எழுத்துப் பலகை ஒன்றுக்கு 60 முதல் 80 சொல். நின்று படிக்க எழுத்தளவு 28 புள்ளிக்குக் குறையாமல், பலகையின் நடு 1.3 மீட்டர் உயரத்தில். தமிழில் முதலில் எழுதி, பிறகு மற்ற மொழிக்குப் போக வேண்டும். தலைகீழாகச் செய்யும் இடங்களில் தமிழ் படிக்கவே முடியாதபடி இருக்கிறது. குரல் கேட்கும் கருவிக்குத் தலையில் மாட்டும் ஹெட்போன் கிழிந்துபோகும். பழைய பொதுத் தொலைபேசிபோல எஃகு உறையிட்ட வயரோடு ரிசீவர் வைக்கலாம். அதில் சௌராஷ்டிரம், தெலுங்கு, கன்னடம், உருது பேசும் சேலத்துக்காரர்களின் குரலும் இருக்க வேண்டும்.

டெண்டர் விடும்போது நான்கு நிபந்தனை சேர்த்தால் இதில் பெரும்பகுதி காப்பாற்றப்படும். கட்டுமானச் செலவில் பத்தில் ஒரு பங்கை ஆண்டுப் பராமரிப்புக்கென்று தனித்தலைப்பில் ஒதுக்க வேண்டும். பொத்தான், கைப்பிடி, பல்சக்கரம், விளக்கு ஒவ்வொன்றிலும் உபரி வாங்கி அங்கேயே பூட்டிவைக்க வேண்டும். மென்பொருளின் மூலக்கோப்புகளையும் வரைபடங்களையும் முதல் நாளே ஒப்படைக்க வேண்டும். இல்லாவிட்டால் ஒரு எழுத்துப்பிழையைத் திருத்தக்கூட அந்த நிறுவனத்தையே தேடிப் போக வேண்டியிருக்கும். ஒப்பந்தத் தொகையில் ஒரு பகுதியை, எல்லாம் ஓடுகிறது என்று மாதாமாதம் சரிபார்த்து, ஐந்து ஆண்டில் பிரித்துக் கொடுக்க வேண்டும். பழுதுபார்க்கும் ஆட்கள் இருவராவது நிரந்தரமாக வேண்டும். லேத் வேலையும் வெல்டிங்கும் வயரிங்கும் தெரிந்த பிள்ளைகள் சேலத்து ஐ.டி.ஐ.களில் படித்துவிட்டு வேலை தேடிக்கொண்டிருக்கிறார்கள்.

இப்படிக்கு,
காட்சிப்பொருள் அமைக்கும் தொழிலில் உள்ள ஒரு வாசகர்,
அம்மாப்பேட்டை, சேலம்.